நட்சத்திரமாகக் கொண்டாடப்படாத, ஆனால் உங்களுக்கு மிகவும் பிடித்த வெளிநாட்டு குணச்சித்திர நடிகர் யார்?

எனக்கு வியட்நாமின் டான் டுவாங். 1957இல் பிறந்தவர். பக்கம் பக்கமாக வசனம் தேவைப்படாத நடிகர்.

'த்ரீ சீசன்ஸ்' (1999) படத்தில் சைகோன் தெருக்களில் சைக்கிள் ரிக்‌ஷா ஓட்டும் ஹாய் அவர்தான். பெரிய ஹோட்டல்களுக்குப் பாலியல் தொழிலுக்குப் போய்வரும் லான் என்ற பெண்ணுக்காக ராத்திரி வாசலிலேயே காத்துக்கிடப்பார். ரிக்‌ஷா பந்தயத்தில் ஜெயித்த பணத்தைக் கொடுத்து ஓர் இரவு அவளை அறைக்கு அழைத்துவந்து, நிம்மதியாகத் தூங்கச் சொல்லிவிட்டுப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருப்பார். அவ்வளவுதான் காட்சி. கொஞ்சம் பிசகியிருந்தாலும் பார்க்கச் சங்கடமாகப் போயிருக்கும். தியாகி வேஷமும் போடாமல், ஏக்கத்தையும் மறைக்காமல் அந்த மனிதர் உட்கார்ந்திருக்கும் விதத்துக்காகவே அந்தப் படத்தைத் திரும்பத் திரும்பப் பார்க்கலாம். அமெரிக்காவின் சன்டான்ஸ் திரைப்பட விழாவில் நடுவர் குழுவின் பெரிய பரிசு, பார்வையாளர் பரிசு இரண்டையும் வாங்கிய படம்.

அடுத்து மெல் கிப்சன் நடித்த 'வி வேர் சோல்ஜர்ஸ்' (2002). 1965இல் வியட்நாமின் இயா ட்ராங் பள்ளத்தாக்கில் அமெரிக்கப் படைக்கும் வட வியட்நாம் படைக்கும் நடந்த சண்டையைப் பற்றியது. அதில் வட வியட்நாம் தளபதி நுயென் ஹூ ஆன் வேடம் இவருக்கு. ஹாலிவுட் போர்ப் படங்களில் வியட்நாம் வீரர்களுக்குப் பெரும்பாலும் முகமே இருக்காது. இவர் ஒரு முழு மனிதனைக் கொண்டுவந்தார். கடைசியில் பிணங்கள் கிடக்கும் களத்தில், அமெரிக்கர்கள் விட்டுப்போன குட்டிக் கொடியை எடுத்துப் பார்த்துவிட்டு இருந்த இடத்திலேயே திரும்ப வைப்பார். வெற்றி தோல்வியைத் தாண்டிய களைப்பு அந்த முகத்தில் தெரியும்.

அந்த வேடத்துக்காகத்தான் சொந்த நாட்டில் அவரைத் துரோகி என்றார்கள். ராணுவப் பத்திரிகையே தாக்கி எழுதியது. பாஸ்போர்ட்டைப் பறித்தார்கள், ஐந்து வருடம் நடிக்கத் தடை போட வேண்டும் என்றார்கள். தங்கள் தளபதிக்குத் திரையில் இவ்வளவு கண்ணியம் தேடித்தந்தவரை இப்படி நடத்தியது எனக்கு இன்றும் ஆறவில்லை. அதிலும், அதே 2002இல்தான் வியட் லின் இயக்கிய 'மே தாவ்' படத்தில், அந்த நாட்டின் பழைய கா ட்ரூ இசைக்கு மூன்று நரம்பு வாத்தியம் வாசிக்கும் கலைஞராகவும் நடித்திருந்தார்.

2003இல் குடும்பத்தோடு அமெரிக்கா போனார். அங்கே அவர் தரத்துக்கு ஏற்ற வேடங்கள் அமையவில்லை. 2011 டிசம்பரில் கலிபோர்னியாவில் காலமானார், வயது 54தான்.

பார்க்க நினைப்பவர்கள் 'த்ரீ சீசன்ஸ்'ஸில் தொடங்குங்கள். 'மே தாவ்' கிடைப்பது கொஞ்சம் கஷ்டம், ஆனால் கிடைத்தால் விட்டுவிடாதீர்கள்.