மகாபாரதத்தில் வரும் திரிகர்த்தர்கள் யார்? அப்படி ஒரு நாடு நிஜமாகவே இருந்ததா?

இருந்தது. சட்லெஜ், பியாஸ், ராவி ஆறுகள் பாயும் பகுதி, இன்றைய காங்ரா, ஜலந்தர் பக்கம். பாணினியின் சமஸ்கிருத இலக்கணமே ஆயுதத்தால் பிழைக்கும் கூட்டங்களில் 'திரிகர்த்த அறுவர்' என்று இவர்களைச் சொல்கிறது. ஒரே அரசு என்பதைவிட, ஆறு குழுக்களின் கூட்டணி என்று பார்ப்பதே சரி.

காவியத்தில் இவர்கள் அரசன் சுசர்மன். மச்ச நாட்டின் படைத்தலைவன் கீசகனிடம் பலமுறை அடிவாங்கியவன். கீசகன் செத்த சேதி வந்ததும் துரியோதனனைத் தூண்டிவிட்டு, மச்ச அரசன் விராடனின் மாடுகளைக் கவர்ந்தான். விராடனையே பிடித்துக்கொண்டு போனான்; பீமன்தான் மீட்டான்.

குருக்ஷேத்திரத்தில் இவர்கள் செய்ததைப் பலர் கவனிப்பதில்லை. சுசர்மனும் தம்பிகளும் நெய் பூசி, தர்ப்பை ஆடை உடுத்தி, வில்நாணை இடுப்பில் கட்டி, தீயின் முன் சபதம் செய்தார்கள்: அர்ச்சுனனைக் கொல்வோம், இல்லையேல் சாவோம். இதனால்தான் 'சம்சப்தகர்', அதாவது சேர்ந்து சபதம் ஏற்றவர்கள், என்ற பெயர். பதின்மூன்றாம் நாள் அர்ச்சுனனை அவர்கள் தூர இழுத்துச் சென்றிருந்தார்கள். அந்த நேரத்தில்தான் சக்கர வியூகத்துக்குள் அபிமன்யு மாட்டினான். அவன் சாவில் இவர்களுக்குப் பெரிய பங்குண்டு என்றே நான் சொல்வேன்.

அப்புறம், காங்ராவை ஆண்ட கடோச் வம்சத்தினர் தங்களைச் சுசர்மனின் வழிவந்தவர்கள் என்றே சொல்லிக்கொண்டார்கள்.