இரவல் துணுக்கும் சொந்த இசையும்

கேள்வி: பிரிட்டனின் போர்ட்டிஸ்ஹெட் குழுவினர் பிறருடைய பழைய இசைத்தட்டுகளிலிருந்து துணுக்குகளை எடுத்துத் தங்கள் பாடல்களில் சேர்ப்பதாக நண்பர் சொல்கிறார். அப்படியானால் அதை அவர்களுடைய சொந்த இசை என்று எப்படி ஏற்பது?

பதில்: நண்பர் சொல்வது பாதி உண்மை. 1991இல் பிரிஸ்டல் நகரில் உருவான அக்குழுவில் ஜெஃப் பாரோ சாம்ப்ளரையும் (ஒலித் துணுக்குகளைப் பதிந்து மீண்டும் ஒலிக்கச் செய்யும் கருவி) இசைத்தட்டுகளையும் கையாள, ஏட்ரியன் அட்லி கிட்டார் வாசிக்க, பெத் கிப்பன்ஸ் பாடினார். 1994இல் வெளிவந்த ‘டம்மி’ தொகுப்பின் ‘சவர் டைம்ஸ்’ பாடலில், ‘மிஷன் இம்பாசிபிள்’ தொடருக்கு இசையமைத்த லாலோ ஷிஃப்ரினின் இசைத் துணுக்கு ஒன்று திரும்பத் திரும்பச் சுழல்வதை யாரும் மறைக்கவில்லை. ‘குளோரி பாக்ஸ்’ பாடலின் அடித்தளமோ அமெரிக்கப் பாடகர் ஐசக் ஹேய்ஸின் இசைத் துணுக்கிலிருந்து வந்தது.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். அதே ஐசக் ஹேய்ஸ் துணுக்கை, அதே பிரிஸ்டலைச் சேர்ந்த இசைக்கலைஞர் டிரிக்கியும் 1995இல் தன் பாடலொன்றில் பயன்படுத்தினார். இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்டால், டிரிக்கியிடம் காதோடு முணுமுணுக்கும் பேச்சாகத் தவழும் அந்தத் துணுக்கு, கிப்பன்ஸின் குரலுக்கும் அட்லியின் கரகரத்த கிட்டாருக்கும் அடியில் வேறொரு பாட்டாகவே மாறிவிடுவது புரியும். இரவல் என்பது கல்லுக்குத்தான் பொருந்தும், கட்டிய வீட்டுக்கு அல்ல என்பது என் கருத்து.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. தாங்களே டிரம்ஸும் பிற வாத்தியங்களும் வாசித்துப் பதிவு செய்து, அதை இசைத்தட்டாக அச்சிட்டு, தரையில் போட்டு மிதித்துத் தேய்த்து, பிறகு அதிலிருந்தே துணுக்குகளை வெட்டியெடுக்கும் வழக்கமும் அவர்களுக்கு இருந்தது. ‘கீறல் விழுந்த ரெக்கார்டு’ என்று நாம் யாரைக் கேலி செய்கிறோமோ, அந்தக் கீறலை இவர்கள் காசு செலவழித்து உண்டாக்கினார்கள்! குழுவின் பெயரையே தலைப்பாகக் கொண்ட 1997ஆம் ஆண்டின் இரண்டாம் தொகுப்பு பெரும்பாலும் இம்முறையில் உருவானதால், அதில் பழந்தட்டின் மணம் வீசினாலும் பிறர் இசை மிகக் குறைவு.

கேள்வி: மேடையில் இவர்கள் பதிவை ஓடவிட்டுப் பாடுவார்களா?

பதில்: இல்லை. 1997இல் நியூயார்க்கின் ரோஸ்லேண்ட் அரங்கில் நடந்த நிகழ்ச்சியின் ஒளிப்பதிவைப் பாருங்கள். வயலின்களும் ஊதுகருவிகளும் நிறைந்த பெரிய வாத்தியக் குழுவுக்கு நடுவே பாரோ நின்று, தட்டை விரல்களால் முன்னும் பின்னும் இழுத்து, டிரம்ஸ் வாசிப்பவரோடு தாளம் பிசகாமல் ஸ்க்ராட்ச் செய்கிறார். அந்த இடத்தில், இசைத்தட்டைச் சுழற்றும் டர்ன்டேபிளும் ஒரு வாத்தியமாகவே ஒலிக்கிறது. ‘டம்மி’யைக் கேட்டு முடித்த கையோடு அதைப் பார்ப்பது நல்லது.