விருந்தாளி வந்தால் பீரோ மேல் ஏறிக்கொள்ளும் பூனைக்கு

விருந்தாளி வந்தாலே பூனை பீரோ மேல் ஏறிக்கொள்கிறது, இறக்கி மடியில் வைத்தாலும் பழகவில்லை, மாமா வந்தால் இன்னும் மோசம் என்று கேட்டிருந்தீர்கள். பீரோ மேல் ஏறிய பூனையை இறக்கி விருந்தாளி மடியில் வைப்பதை முதலில் நிறுத்துங்கள். அப்படிப் பழகாது, அடுத்த முறை காலிங் பெல் அடித்ததுமே ஓடும்.

மாமா வந்தால்தான் ரொம்ப மோசம் என்கிறீர்களே, அவர் நேராக உற்றுப் பார்த்து "வா வா" என்று குனிகிறாரா? பூனைக்கு அது வம்புக்கு இழுக்கிற பார்வை. அவர் பாட்டுக்கு டிவி பார்த்தபடி, உப்புப் போடாமல் வேகவைத்த கோழித்துண்டைக் கொஞ்சம் தள்ளிப் போடட்டும், இறங்கி வந்து தின்றால் அடுத்த துண்டு இன்னும் பக்கத்தில், தின்னாவிட்டால் இன்னும் தள்ளி. அப்புறம், பீரோ மேலே போகும் வழியை மறைக்காதீர்கள், ஒளிய இடமிருந்தால்தான் இறங்கும் தைரியமும் வரும்.

விருந்தாளி போயும் ஒரு நாளுக்கு மேல் சாப்பிடவில்லை, இல்லை மணல் தட்டில் முக்கிக்கொண்டே இருக்கிறது என்றால் டாக்டரிடம் தூக்கிப் போங்கள். கடுவனுக்கு, அதாவது ஆண் பூனைக்கு, சிறுநீர் அடைப்பென்றால் விடியும்வரைகூடக் காத்திருக்கக் கூடாது.