கைலி எங்கே வெளுக்கும்?

வடசென்னை வண்ணாரப்பேட்டையில் எம்.சி. ரோட்டை ஒட்டிய சந்தில் அப்பா வைத்திருந்த தையல் கடையில் காஜா எடுத்துப் பழகியவள் நான். 16 வருடமாகச் சினிமாவில் காஸ்ட்யூம் வேலை. நம்ம பக்கத்துப் பிள்ளைகளும் வீட்டுப் பெரியவர்களும் கேட்ட கேள்விகளில் சிலவற்றுக்கு இங்கே பதில் சொல்கிறேன்.

வியாசர்பாடி, கல்லூரி மாணவர்: அக்கா, காஸ்ட்யூமரும் காஸ்ட்யூம் டிசைனரும் ஒன்றா?

இல்லை தம்பி. எந்தப் பாத்திரம் எந்தக் காட்சியில் என்ன உடுத்தும் என்று கதையைப் படித்து முடிவு செய்பவர் டிசைனர். அந்தத் துணிகளைச் செட்டில் அயர்ன் போட்டு, உடுத்திவிட்டு, கணக்கு வைத்துக் காப்பவர் காஸ்ட்யூமர். நான் காஸ்ட்யூமருக்கு உதவியாளாகத்தான் உள்ளே வந்தேன். பெரிய படங்களுக்குப் போகும்போது ஃபெப்சி என்ற சினிமாத் தொழிலாளர் கூட்டமைப்பில் சேர்ந்த சங்கத்தின் கார்டு கேட்பார்கள்.

பெரம்பூர், பிளஸ் டூ மாணவி: எனக்குச் சரியாக வரைய வராது. நிஃப்ட்டில் படித்தால்தான் வாய்ப்பா?

தரமணியில் இருக்கும் நிஃப்ட் என்ற ஃபேஷன் கல்லூரிக்கு நுழைவுத்தேர்வு எழுதி, 4 வருடம் படிக்கலாம். துணி, பேட்டர்ன், வெட்டு எல்லாம் ஒழுங்காகக் கற்றுத் தருவார்கள். இடம் கிடைத்தால் விடாதே. கிடைக்காவிட்டால் கதவு மூடிவிட்டது என்று நினைக்காதே. 'காந்தி' படத்துக்காக 1983இல் ஆஸ்கர் வாங்கிய பானு அத்தையா ஓவியம் படித்தவர். 'பரதேசி' படத்துக்காகப் பூர்ணிமா ராமசாமிக்குத் தேசிய விருது கிடைத்தது. அது தேயிலைத் தோட்டக் கூலிகளின் கதை, ஜிகினாவுக்கு அதில் வேலையே இல்லை. நீ வரையக் கொஞ்சம் பழகிக்கொள். அதைவிட, மனிதர்களின் துணியைப் பார்க்கப் பழகு.

காசிமேடு, குறும்படம் எடுப்பவர்: மீனவர் வேஷத்துக்குப் புதுக் கைலி வாங்கி மண்ணில் புரட்டினேன். கேமராவில் புதுத்துணியில் மண் ஒட்டினாற்போலத்தான் தெரிகிறது. என்ன செய்ய?

இதுதான் எனக்குப் பிடித்த கேள்வி. அழுக்கு வேறு, பழசு வேறு. முதலில் கடைக் கஞ்சி போகும்வரை நாலைந்து முறை துவையுங்கள். மடிப்புத் தடம் துளியும் இருக்கக் கூடாது. அப்புறம் ஹார்பருக்குப் போய் ஒரு பெரியவர் கைலியை அவிழ்த்துக் கட்டுவதைப் பாருங்கள். இடுப்பில் சுருட்டிய பகுதி வாங்கிய நிறத்திலேயே இருக்கும், வெயிலும் உப்பும் பட்ட கீழ்ப்பகுதி வெளுத்திருக்கும். ஒரே கைலியில் இரண்டு நிறம். பிளீச்சை நிறையத் தண்ணீரில் கலந்து அந்தக் கீழ்ப்பகுதியில் மட்டும் தெளியுங்கள். முதலில் ஒரு துண்டுத் துணியில் சோதித்துவிட்டு, வேலை முடிந்ததும் நன்றாக அலசுங்கள், இல்லாவிட்டால் துணி இற்றுப்போகும். சட்டையென்றால் காலர் மடிப்பிலும் பாக்கெட் விளிம்பிலும் உப்புத்தாளால் தேய்க்கலாம். வெள்ளை பனியனுக்கு டீ டிகாஷன் போதும். பட்டில் பிளீச் வேண்டவே வேண்டாம், கரைந்துவிடும்.

தண்டையார்பேட்டை: 1978இல் நடக்கும் பின்னி மில் தொழிலாளி கதை. எல்லோருக்கும் பெல்பாட்டம் போட்டால் சரியா?

சரியில்லை. எந்தக் காலத்திலும் தெருவில் பாதிப் பேர் பத்து வருடம் முந்திய துணியில்தான் நடப்பார்கள். தம்பிக்கு பெல்பாட்டம், அண்ணனுக்கு அவர் கல்யாணத்துக்குத் தைத்த பேண்ட், அப்பாவுக்கு வேட்டி, இப்படிப் பிரியுங்கள். அந்த மில்லின் காக்கி பேர்போனது. 1996இல் மில்லை மூடிவிட்டாலும் அங்கே வேலை செய்தவர்கள் வீடு பெரம்பூர், புளியந்தோப்பு முழுக்க இருக்கிறது. அவர்கள் வீட்டுக் கல்யாண ஆல்பத்தைக் கேட்டு வாங்கிப் பாருங்கள். காலர் நீளம்கூடத் தெரியும். ரெடிமேடில் தேடி அலையாமல் வயதான டெய்லர் ஒருவரிடம் அந்தப் போட்டோவைக் காட்டித் தைக்கச் சொல்லுங்கள். அவர் கைக்கு அந்த வெட்டு இன்னும் ஞாபகம் இருக்கும்.

புதுவண்ணாரப்பேட்டை: நீங்கள் செய்த பெரிய தப்பு எது அக்கா?

சண்டைக் காட்சி. ஹீரோவுக்கு ஒன்று, டூப்புக்கு ஒன்று என்று இரண்டே சட்டை வைத்திருந்தேன். முதல் டேக்கிலேயே இரண்டிலும் ரத்தம். இன்னொரு டேக் என்றார்கள், மாற்று இல்லை. நாலு மணி நேரம் 80 பேர் என்னால் சும்மா உட்கார்ந்திருந்தார்கள். அந்த ராத்திரி நான் சாப்பிடவில்லை. ரத்தம், மழை, சேறு என்று ஸ்கிரிப்டில் பார்த்தால் இப்போது ஆளுக்கு நாலு செட்டாவது எழுதிவிடுகிறேன். சட்டைக் கை எத்தனை மடிப்பு, எந்தப் பட்டன் திறந்திருந்தது என்று ஒவ்வொரு ஷாட் முடிந்ததும் போனில் போட்டோ எடுத்துக் காட்சி நம்பரோடு வைக்கிறேன்.

ராயபுரம், ஒரு அம்மா: என் பொண்ணை இந்த வேலைக்கு அனுப்பலாமாம்மா?

அனுப்புங்கம்மா. ஆனால் விடியற்காலை 4 மணிக்குக் கிளம்ப வேண்டியிருக்கும், ராத்திரி ஷூட்டிங்கும் உண்டு. வண்டி வருமா, பெண்களுக்கு உடை மாற்றத் தனி இடம் உண்டா, பேட்டா தினமும் தருவார்களா என்று முதல் நாளே கேட்கச் சொல்லுங்கள். கேட்பது மரியாதைக் குறைவு இல்லை. எனக்கு ஒரு படத்தின் சம்பளம் இன்னும் வரவில்லை. அன்றைக்கு எழுதி வாங்கத் தெரியாமல் போயிற்று.

கொருக்குப்பேட்டை: துணி எங்கே மலிவு?

ரெடிமேடுக்கு நம்ம எம்.சி. ரோடு. மீட்டர் கணக்கில் மொத்தமாக வேண்டுமென்றால் பாரிமுனைப் பக்கம் கோடவுன் தெரு. எம்.சி. ரோட்டுக்குச் சனி, ஞாயிறு போகாதீர்கள், கூட்டத்தில் துணியைத் தொட்டுக்கூடப் பார்க்க முடியாது. பில்லை மட்டும் பத்திரமாக வையுங்கள், பில் இல்லாமல் புரொடக்‌ஷன் மேனேஜரிடம் பணம் பெயராது.