புண்ணாக்கைக் கூட்டியும் எஸ்.என்.எஃப். ஏறவில்லையே, ஏன்?

கேள்வி: ஐயா, வணக்கம். எங்கள் ஜெர்சி கலப்பின மாடு கன்று போட்டு நான்கு மாதம் ஆகிறது. தினம் 9 லிட்டர் கறக்கிறது. சொசைட்டியில் எஸ்.என்.எஃப். (பாலில் கொழுப்பு போக மீதியுள்ள புரதம், சர்க்கரை, தாது உப்புகளின் சதவீதம்) 7.8தான் வருகிறது. புரதம் போதவில்லை என்று சொன்னதால் கடலைப் புண்ணாக்கை 3 கிலோவாகக் கூட்டி, ராத்திரி ஊறவைத்துக் காலையில் தண்ணீராகக் காட்டுகிறேன். கூடவே தவிடு 1 கிலோ, வைக்கோல் 6 கிலோ. பசுந்தீவனம் இல்லை. இரண்டு முறை ஊசி போட்டும் சினை நிற்கவில்லை. கடைக்காரர் பைபாஸ் புரதம் வாங்கச் சொல்கிறார். வாங்கலாமா? இன்னொரு மாடு பத்து நாளில் கன்று போடும். அந்தக் கன்றுக்குப் புண்ணாக்குத் தண்ணீர் எப்போது தொடங்கலாம்?

பதில்: வணக்கம் அம்மா. உங்கள் மாட்டுக்குப் புரதம் குறையவில்லை, கூடிப்போயிருக்கிறது. குறைவது மாவுச்சத்து.

கணக்கைப் பாருங்கள். இந்த மாட்டின் உடம்புக்கும் 9 லிட்டர் பாலுக்கும் சேர்த்து நாளைக்குச் சுமார் 1.2 கிலோ புரதம் போதும். நீங்கள் கொடுக்கும் புண்ணாக்கிலேயே ஏறக்குறைய அவ்வளவு இருக்கிறது. தவிடும் வைக்கோலும் சேர்ந்தால் 1.6 கிலோவுக்குப் பக்கம் போய்விடும்.

அப்படியானால் அது ஏன் பாலில் வரவில்லை? மாடு தின்னும் புரதம் நேராக மாட்டுக்குப் போவதில்லை. முதலில் அதைத் தின்பது பெருவயிற்றில், அதாவது மாட்டு வயிற்றின் முதல் பெரிய அறையில், இருக்கும் நுண்ணுயிர்கள். அவை புண்ணாக்குப் புரதத்தை அம்மோனியா வரைக்கும் உடைத்து, அந்த அம்மோனியாவை வைத்துத் தங்கள் உடம்பைக் கட்டுகின்றன. பிறகு அந்த நுண்ணுயிர்களே குடலுக்கு இறங்கிச் செரித்து மாட்டுக்குப் புரதமாகின்றன. மாட்டுக்குக் கிடைக்கும் புரதத்தில் பாதிக்கு மேல் பெரும்பாலும் இந்த வழியில் வருவதுதான். ஆனால் உடம்பு கட்ட அவற்றுக்கு அதே நேரத்தில் சக்தியும் வேண்டும். மக்காச்சோளம், கம்பு மாதிரி தானியத்தின் மாவுச்சத்துதான் அந்தச் சக்தி. செங்கல் வண்டி வண்டியாக வந்து இறங்குகிறது, ஆளுக்குக் கூலி கொடுக்கப் பணம் இல்லை என்றால் சுவர் எழும்புமா?

மிஞ்சிய அம்மோனியா ரத்தத்தில் கலந்து, கல்லீரலில் யூரியாவாக மாறி, மூத்திரத்திலும் பாலிலும் வெளியேறுகிறது. அதை மாற்றவும் மாட்டின் சக்திதான் செலவாகிறது. நாளைக் காலை தொழுவத்துக்குள் நுழைந்ததும், கூட்டுவதற்கு முன்னால், மாடு படுத்த இடத்தில் குனிந்து பாருங்கள். கண்ணைக் கரிக்கிற நெடி அடிக்கிறதா? சாணம் அடுக்காக விழாமல் தோசை மாவாகப் பரவுகிறதா? இரண்டும் இருந்தால் நீங்கள் காசு கொடுத்து வாங்கிய புண்ணாக்குதான் அங்கே ஆவியாகிக்கொண்டிருக்கிறது. ரத்தத்தில் யூரியா ஏறினால் கரு தங்குவதும் கெடும். சினை நிற்காததற்கு இது ஒரு காரணமாக இருக்கலாம். ஆனாலும் கால்நடை மருத்துவரிடம் கருப்பையைப் பரிசோதித்துவிடுங்கள். மடிநோய் உள்ளுக்குள் இருந்தாலும் எஸ்.என்.எஃப். இறங்கும்; அதையும் அப்போதே பார்க்கச் சொல்லுங்கள்.

சாக்கில் அச்சிட்ட புரத சதவீதத்தை மட்டும் பார்த்து எதையும் வாங்காதீர்கள். சோதனைக்கூடத்தில் நைட்ரஜனை அளந்து 6.25ஆல் பெருக்கி எழுதுகிற எண் அது. உர யூரியாவை அந்தச் சோதனைக்குக் கொடுத்தால் 287 சதவீதம் புரதம் என்று வரும்!

தீவனத்தை இப்படி மாற்றுங்கள். மக்காச்சோளக் குருணை 2 கிலோ, கடலைப் புண்ணாக்கு ஒன்றேகால் கிலோ, தேங்காய்ப் புண்ணாக்கு அரை கிலோ, தவிடு ஒன்றேகால் கிலோ. இதோடு தாது உப்புக் கலவையும் கொஞ்சம் கல்லுப்பும். தேங்காய்ப் புண்ணாக்கில் புரதம் 20 சதவீதம் அளவில்தான். ஆனால் கடலைப் புண்ணாக்குப் போல அது பெருவயிற்றில் அவ்வளவு வேகமாக உடையாது, அதனால்தான் சேர்க்கச் சொல்கிறேன். ஊறவைத்துப் புளிக்கவிட வேண்டாம். கொடுக்கும்போது தண்ணீர் தெளித்துப் பிசறி, இரண்டு வேளையாகப் பிரித்து வையுங்கள். பூஞ்சை வாடை அடித்தால் அந்தப் புண்ணாக்கை மாட்டுக்குக் காட்டவே காட்டாதீர்கள். அதன் நஞ்சு பாலில் இறங்கும். வரப்போரம் வேலிமசால் விதைத்துவிடுங்கள். நாளைக்கு 5 கிலோ அறுத்துப் போட்டால் வைக்கோலில் ஒரு கிலோ குறைத்துக்கொள்ளலாம்.

பைபாஸ் புரதம் என்பது பெருவயிற்றில் உடையாமல் தப்பி, நேராகக் குடலில் செரிக்கும்படி பதப்படுத்தியது. நல்ல பொருள்தான். 15 லிட்டருக்கு மேல் கறக்கும் மாட்டுக்கு நுண்ணுயிர்ப் புரதம் மட்டும் போதாது, அங்கே அது வேலை செய்யும். உங்களுக்கு இப்போது வேண்டாம்.

புரதம் எல்லாமே அமினோ அமிலங்களைக் கோத்த சரம்தான். எதை எந்த வரிசையில் கோக்கிறோம் என்பதில்தான் குளம்பும் கொம்பும் கெராட்டின் ஆவதும், ரத்தச் சிவப்பு ஹீமோகுளோபின் ஆவதும், தயிராக உறைவது கேசீன் ஆவதும். பால் புரதத்தில் ஐந்தில் நான்கு பங்கு இந்தக் கேசீன். கோழிக்கும் நமக்கும் பெருவயிறு இல்லை. லைசின், மெத்தியோனின் போன்ற அமினோ அமிலங்களைத் தீனியிலேயே வாங்கியாக வேண்டும். அரிசியில் குறையும் லைசினைப் பருப்பு ஈடுகட்டுகிறது. மாட்டுக்கு அவற்றைப் பெரும்பாலும் நுண்ணுயிர்களே செய்து தருகின்றன.

பிறந்த கன்றுக்கு அந்த நுண்ணுயிர்கள் இன்னும் குடியேறவில்லை. அதனால் புண்ணாக்குத் தண்ணீர் வேண்டவே வேண்டாம், கழிச்சலில்தான் முடியும். அதற்கு முதலில் வேண்டியது சீம்பால். தாயின் நோய் எதிர்ப்புப் புரதங்கள் அதில் இருக்கின்றன. கன்றின் குடல் அவற்றை உடைக்காமல் முழுசாக உள்ளே விடுவது முதல் 24 மணி நேரத்துக்குள்தான். அதுவும் மணிக்கு மணி குறைந்துகொண்டே வரும். நஞ்சுக்கொடி விழட்டும் என்று காத்திருக்காதீர்கள். பிறந்து ஒரு மணி நேரத்துக்குள் ஊட்டவிடுங்கள். எழுந்து நிற்க முடியாத கன்றாக இருந்தால் கறந்து பாட்டிலில் புகட்டுங்கள். பிறகு பால்தான் உணவு. இரண்டாவது வாரம் முதல் கன்றுத் தீவனம் ஒரு கைப்பிடியும் இளம்புல்லும் முன்னால் வையுங்கள், அதுவாக மோந்து பழகும்.

பெரிய மாட்டுக்கு மக்காச்சோளத்தை ஒரே நாளில் 2 கிலோ கொட்டிவிடாதீர்கள், வயிறு புளித்துவிடும். கால் கிலோவில் தொடங்கி, பத்து நாளில் ஏற்றுங்கள். அதோடு சேர்த்துக் கடலைப் புண்ணாக்கை ஒன்றேகால் கிலோ வரைக்கும் இறக்குங்கள். மாற்றி முடித்து இரண்டு மூன்று வாரம் கழித்து சொசைட்டிச் சீட்டைப் பார்த்து எனக்கு எழுதுங்கள்.