குட்டை முடி நாய்க்கு வாரம் ஒரு குளியல் வேண்டுமா?

கேள்வி: எங்கள் பக் நாயை வாரம் ஒருமுறை நாங்கள் போடும் ஷாம்பூவிலேயே குளிப்பாட்டுகிறோம். அப்படியும் சோபா முழுக்க முடி. இப்போது முதுகில் பொடுகுபோல் உதிர்கிறது, சொறிந்துகொண்டே இருக்கிறது. என்ன செய்வது?

பதில்: முதலில் குளியலைக் குறையுங்கள். நம் தோல் சற்று அமிலத்தன்மை உள்ளது, நாயின் தோல் நடுநிலையை ஒட்டியது. நம் ஷாம்பூவை அடிக்கடி போட்டால் எண்ணெய்ப் பசை போய்த் தோல் வறளும், செதில் உதிரும். நாய்களுக்கான ஷாம்பூவில் 4 முதல் 6 வாரத்துக்கு ஒரு குளியல் போதும்.

முடியைக் குறைப்பது பிரஷ்தான். முடி குட்டையென்றால் உதிராது என்று பலர் நினைக்கிறார்கள். பல பக் நாய்களுக்கு மேல்முடிக்கு அடியில் மெத்தென்று இன்னோர் அடுக்கு இருக்கும், கொட்டுவதில் பெரும்பங்கு அதுதான். ரப்பர் முனை பிரஷால் வாரம் 2, 3 முறை, ஐந்து நிமிடம் வட்டமாகத் தேய்த்து, பிறகு முடி படியும் திசையில் இழுங்கள். கம்பிப்பல் பிரஷ் தோலைக் கீறும். மெஷினால் மழிக்கவும் வேண்டாம். வெயிலிலிருந்து தோலைக் காப்பது அந்த முடிதான்.

குளியலுக்கு முன்பே பிரஷ் போட்டுவிடுங்கள். ஷாம்பூவை ஒரு குவளை வெதுவெதுப்பான நீரில் கரைத்து ஊற்றினால் அலசுவது சுலபம். அக்குளிலும் அடிவயிற்றிலும் நுரை தங்கினால் மறுநாளே சொறியும், அங்கே இரண்டு முறை அலசுங்கள். முகத்தில் நீர் ஊற்றாமல் ஈரத்துணியால் துடையுங்கள். மூக்குக்கு மேலுள்ள மடிப்பைத் தினமும் துடைத்து, உலர்ந்த துணியால் ஒற்றி எடுப்பது மிக முக்கியம். ஈரம் நின்றால் சிவந்து நாற்றமெடுக்கும். மூன்று வாரத்தில் அரிப்பு தணியாவிட்டாலோ, திட்டுத்திட்டாக முடி கொட்டினாலோ கால்நடை மருத்துவரிடம் காட்டுங்கள்.

கேள்வி: எங்கள் நாய்க்கு நகம் முழுக்கக் கறுப்பு. ஒருமுறை வெட்டியபோது ரத்தம் வந்தது. அதிலிருந்து காலையே தர மறுக்கிறது.

பதில்: நகத்துக்குள் ரத்தக்குழாயும் நரம்பும் ஓடுகின்றன. வெள்ளை நகத்தில் அது இளஞ்சிவப்பாகத் தெரியும், கறுப்பில் தெரியாது. அதனால் ஒரே வெட்டாக வெட்டாமல், ஒரு மில்லிமீட்டர் அளவுக்குச் சீவிச் சீவி, ஒவ்வொரு முறையும் வெட்டுவாயைப் பாருங்கள். நடுவில் ஈரமான கரும்புள்ளி தெரிந்ததும் நிறுத்துங்கள். ரத்தம் வந்துவிட்டால் சோளமாவை (கார்ன்ஃப்ளோர்) வைத்துச் சில நிமிடம் அழுத்திப் பிடியுங்கள். முன்காலின் உள்பக்கம் தரையில் படாத நகத்தை மறந்துவிடாதீர்கள். தேயாததால் அது வளைந்து சதைக்குள் இறங்கும்.

பயம் போக, ஒரு வாரம் வெட்டவே வேண்டாம். பாதத்தைத் தொட்டுத் தின்பண்டம் கொடுங்கள், அடுத்து நகவெட்டியால் தொட்டு மட்டும் கொடுங்கள். பிறகு நாளுக்கு ஒரு நகம் வெட்டினாலே போதும்.

கேள்வி: நாய்க்கு நம் பற்பசை போடலாமா?

பதில்: கூடாது. நாய்க்குக் கொப்பளிக்கத் தெரியாது, விழுங்கிவிடும். சில பற்பசைகளில் உள்ள சைலிட்டால் என்ற இனிப்பு நாய்க்குக் கொடிய விஷம். நாய்களுக்கான பற்பசையை மென்மையான பிரஷில் எடுத்து, பற்களின் வெளிப்புறத்தில் தினமும் தேய்த்தால் போதும்.