சட்டம் கேளுங்கள்: நகல் மனு எங்கே நிற்கிறது?

கேள்வி: முன்சீப் கோர்ட்டில் என் வழக்கு தள்ளுபடியாகி மூன்று வாரமாகிறது. மறுநாளே தீர்ப்பு நகலுக்கு மனுப் போட்டோம், இன்னும் வரவில்லை. அப்பீல் கெடு போய்விடுமா? சீக்கிரம் வாங்க வழி உண்டா?
— வாசகி

பதில்: அப்பீலுக்கு 30 நாள். ஆனால் 1963ஆம் வருடக் காலவரையறைச் சட்டம் 12ஆவது பிரிவின்படி, நகல் பெறத் தேவைப்பட்ட நாட்கள் அந்த முப்பதில் சேராது. ‘தேவைப்பட்ட’ என்ற சொல்லில்தான் பலர் சறுக்குகிறார்கள். சான்றிட்ட நகலின் பின்பக்கத்தைப் பாருங்கள்: மனுத் தாக்கல், நகலுக்கான முத்திரைத் தாள் கேட்டது, அதைக் கட்டியது, நகல் தயாரானது, பெற்றது என்று வரிசையாகத் தேதிகள் இருக்கும். 20ஆம் தேதி தயாரான நகலை 27இல் வாங்கினால் அந்த ஏழு நாளும் உங்கள் கணக்கில்தான். தாள் கேட்ட பட்டியல் நோட்டீஸ் போர்டில் ஒட்டப்படும். யாரும் வீடு தேடி வந்து சொல்ல மாட்டார்கள். கெடுவுக்குள் கட்டாவிட்டால் மனுவே தள்ளுபடி. புது மனுப் போட்டால், கழிக்கும் நாள் கணக்கு அந்த மனுவிலிருந்துதான் தொடங்கும்.

எனவே முதல் வேலை, நகல் மனு எண்ணோடு நகல் பிரிவுக்குப் போய் வழக்குக் கட்டு எங்கே என்று கேட்பது. தீர்ப்பு இன்னும் தட்டச்சிலா, கையெழுத்துக்கா, அல்லது தீர்ப்பாணை (தீர்ப்பின் முடிவைச் சொல்லும் டிக்ரி) எழுதி முடியவில்லையா? பெரும்பாலும் கடைசிதான் காரணம். தீர்ப்புரை (காரணங்களோடு நீதிபதி எழுதும் தீர்ப்பு), தீர்ப்பாணை இரண்டையும் ஒரே மனுவில் கேட்டிருந்தால், தயாரான தீர்ப்புரையும் தீர்ப்பாணைக்காகக் காத்துக் கிடக்கும். தீர்ப்புரைக்கு மட்டும் தனி மனுப் போடுங்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டம் கட்டளை 20, விதி 6ஏ-வின்படி தீர்ப்பாணை 15 நாளில் தயாராக வேண்டும். ஆகாவிட்டாலும் தீர்ப்புரை நகலை வைத்தே அப்பீல் போடலாம்.

அடுத்தது அவசர மனு. ‘மிக அவசரம்’ என்று சிவப்பு மையில் எழுதுவதால் ஒன்றும் நகராது. அப்பீல் கெடு எந்தத் தேதி, அதற்குள் எதிர்த்தரப்பு என்ன செய்யப்போகிறது என்று பிரமாணப் பத்திரத்தில் தேதியோடு சொல்லி, ஆதாரம் இருந்தால் இணையுங்கள். நீதிபதி உத்தரவிட்டால் நகல் பிரிவில் வரிசை மாறும். கேட்கும் ஆவணத்தையும் ‘எல்லாச் சான்றாவணங்களும்’ என்று எழுதாமல் ‘வா.சா.ஆ.3’ (வாதி தரப்புச் சான்றாவணம் 3) என்று எண்ணிட்டுக் கேளுங்கள். பக்கம் குறைந்தால் நாளும் குறையும்.

இடையில் நீதிமன்றங்களின் இ-கோர்ட்ஸ் இணையதளத்தில் தீர்ப்பு ஏறியிருந்தால் இறக்கி வக்கீலிடம் கொடுங்கள். அப்பீல் காரணங்களை எழுதத் தொடங்கிவிடுவார். அந்தப் பிரின்ட் சான்றிட்ட நகல் ஆகாது.

கேள்வி: வாங்கப்போகும் வீட்டின் மேல் பழைய வழக்கு ஒன்று உண்டு. நான் அதில் கட்சிக்காரன் இல்லை. நகல் தருவார்களா?
— வாசகர்

பதில்: தருவார்கள், ஆனால் நேராக அல்ல. எதற்காக வேண்டும் என்று பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்து நீதிபதியின் உத்தரவு பெற வேண்டும். விற்பனை ஒப்பந்தம் இருந்தால் இணையுங்கள். முடிந்த வழக்கின் கட்டு பதிவறைக்குப் போயிருக்கும். வழக்கு எண்ணோடு முடிவான தேதியும் இல்லாவிட்டால் மனு திரும்பி வரும். விற்பவரே வழக்கில் கட்சிக்காரராக இருந்தால் அவர் பெயரிலேயே மனுப் போடச் சொல்லுங்கள். அதுதான் குறுக்கு வழி.